இருபத்தைந்து குதிரையும் ஒரு கடதாசி மீனும்

கண்டியில் மாணிக்கக்கல் வியாபாரம் செய்த சாஹுல் ஹமீதுக்கு நான்கு பெண்மக்கள். மூத்த மூன்று பேரும் பேசுவார்கள். கடைசிப் பெண் சகீனா பார்ப்பாள்.

மூன்றாம் வகுப்போடு அவளைப் பள்ளிக்கூடத்திலிருந்து நிறுத்திவிட்டார் வாப்பா. "நூறு வரைக்கும் எண்ணத் தெரிஞ்சா போதும். அதுக்கு மேல போனா நாளைக்கு மாப்பிள்ளைட பிழைகள எண்ணத் தொடங்கிடும்" என்பது அவர் சொன்ன காரணம். நூறுக்குள் அடங்கும் பிழைகளோடு ஒரு மாப்பிள்ளை பார்த்துத் தருவதாக அவர் வாக்குக் கொடுக்கவில்லை.

அதன் பிறகு சகீனாவுக்கு வகுப்பு முன்னறைத் திரைக்குப் பின்னால் நடந்தது. கல் வியாபாரிகள் வந்து உட்காருவார்கள். ஒரு கைக்குட்டையை விரித்து அதற்குள் ஒருவர் கையை ஒருவர் பிடித்து, விரல்களாலேயே விலை பேசுவார்கள். வாயிலிருந்து மூச்சைத் தவிர ஒன்றும் வராது. கையை மூடத்தான் துணி கொண்டுவருவார்கள். முகத்தை மூட யாரும் கொண்டுவருவதில்லை. யார் பொய் விரல் காட்டினார், யார் ஆசையை மறைத்தார் என்பதெல்லாம் திரையில் இருந்த சின்னக் கிழிசல் வழியாக அவளுக்குத் தெரியும். வியாபாரிகளை விடவும் அவளுக்குப் பிடித்தது வாப்பாவின் தராசு. பெருவிரல் நகம் அளவு பித்தளைத் தட்டு இரண்டு, மரப்பெட்டிக்குள் பட்டுத் துணியில் படுத்திருக்கும். அந்த வீட்டில் பொய் சொல்லத் தெரியாத ஒரே ஆள் அதுதான்.

வாப்பா மவுத்தாகி அடக்கம் முடிந்ததும் அக்காமார் நகைகளைப் பிரித்துக்கொண்டார்கள். தராசு யாருக்கும் வேண்டியிருக்கவில்லை. சகீனா அதைச் சேலைக்குள் சுற்றி எடுத்துக்கொண்டு, ஹேவாஹெட்டப் பக்கம் கல்மேட்டுத் தோட்டத்தில் எஞ்சின் டிரைவராக இருந்த மக்கீனைக் கலியாணம் முடித்துப் போனாள்.

மக்கீன் இரண்டு பேருக்கும் சேர்த்துப் பேசுகிற மனுஷன். தேயிலை ஃபேக்டரியின் எஞ்சின் அவனால்தான் ஓடுகிறது என்பது அவனுடைய ஈமானில் ஒரு பகுதியாகவே இருந்தது. சிரட்டைக்கரியை ஒரு இரும்புப் பீப்பாய்க்குள் புகைய விட்டால், அந்த வாயுவை எஞ்சின் உறிஞ்சி, சிலிண்டருக்குள் வெடிக்க வைத்து, பெரிய சக்கரத்தைச் சுற்றும். அந்தச் சக்கரம் சுற்றினால்தான் மேல் தட்டில் விசிறி சுற்றும், கீழே கொழுந்து உருட்டுகிற மெஷின் உருளும். ஃபேக்டரிக்குப் பின்சுவரோடு ஒட்டிய இரண்டு அறை வீடு டிரைவருக்கு. எஞ்சின் ஓடும்போது அலுமாரிக்குள் கோப்பைகள் எல்லாம் சேர்ந்து பல்லைக் கடிக்கும். அந்தச் சத்தத்தை வைத்தே கரி ஈரமா காய்ந்ததா என்று சகீனாவுக்குத் தெரிந்துவிடும். அவள் சொல்லமாட்டாள். மக்கீன் அரை மணி நேரம் கழித்து அதைத் தானே கண்டுபிடிப்பான்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பத்திரண்டாம் வருஷம் தேயிலை விலை விழுந்தது. சீமையில் இருந்த கம்பனிக்காரருக்கு எதையாவது விற்றால்தான் மனம் ஆறும் போலிருந்தது. எஞ்சின் பழசாச்சே, உள்ள குதிரை வலுவை அளந்து பாருங்கள் என்று தோட்டத்தை நடத்துகிற துரைக்குக் கடிதம் எழுதினார்கள். இருபத்தைந்து குதிரைக்கு மேலே இருந்தால் எஞ்சின் இருக்கட்டும். குறைந்தால் பழைய இரும்புக்குக் கொடுத்துவிட்டு, எண்ணெயில் ஓடுகிற புது எஞ்சின் அனுப்புவார்கள். புது எஞ்சினோடு அதை ஓட்ட ஆளும் கொழும்பிலிருந்து வரும். மக்கீன் வேலையும் போகும், அந்த இரண்டு அறையும் போகும். போக வேறு இடம் இல்லை. அக்காமார் வீட்டில் இடம் இருந்தது, ஆனால் அங்கே மூன்று பேரும் இன்னும் பேசிக்கொண்டிருந்தார்கள்.

ஏப்ரல் மாதம் ஒரு சனிக்கிழமை காலையில் கொழும்பு எஞ்சினியர் துரை வந்தார். சகீனா அடுப்படி ஜன்னலால் பார்த்துக்கொண்டிருந்தாள். அவர் கொண்டுவந்தது ஒரு சின்னப் பித்தளைக் கருவி. அதைச் சிலிண்டரின் தலையில் பூட்டினார். கருவிக்குள் ஒரு ஸ்பிரிங், ஸ்பிரிங்கின் நுனியில் ஒரு பென்சில் முள், பக்கத்தில் கடதாசி சுற்றிய சின்ன உருளை. எஞ்சின் ஒரு தடவை வெடித்து மூச்சு விடுவதற்குள் முள் ஏறி இறங்கி, கடதாசியில் ஒரு படத்தைக் கீறிவிட்டது. மூன்று கடதாசி எடுத்தார். ஒன்று கிழிந்தது. ஒன்றை மக்கீன் வாங்கிப் பார்த்ததில் அவனுடைய எண்ணெய்ப் பெருவிரல் அப்படியே பதிந்தது. மூன்றாவது சுத்தமாக வந்தது.

படத்தின் பரப்பை அளக்கும் கருவியை எஞ்சினியர் கொழும்பில் மறந்து வைத்துவிட்டு வந்திருந்தார். நுவரெலியாவில் அன்று பின்னேரம் குதிரைப் பந்தயம். நிஜக் குதிரைகள் காத்திருக்கும்போது எஞ்சினுக்குள் இருக்கும் குதிரைகளை எண்ணிக்கொண்டிருக்க அவருக்குப் பொறுமை இல்லை. "பத்தாப் பிரித்து உயரங்களை அளந்து சராசரி எடுங்கள், திங்கட்கிழமைத் தபாலில் அனுப்புங்கள்" என்று ஆபீஸ் கிளாக்கர் இராமநாதனிடம் இங்கிலீசில் சொல்லிவிட்டுக் காரில் ஏறினார்.

இராமநாதன் யாழ்ப்பாணத்து மனுஷன். கேம்பிரிட்ஜ் சோதனை பாஸ் பண்ணியவர். அதை அவர் சொல்லாத நாள் தோட்டத்தில் ஞாயிற்றுக்கிழமை மட்டும்தான், ஏனென்றால் அன்று ஆபீஸ் பூட்டு. ஒரு மணித்தியாலம் அளவுகோலோடு இருந்துவிட்டு எஞ்சின் அறைக்கு வந்தார்.

"மக்கீன், குறை நினையாதையும். இருபத்திரண்டு குதிரைதான் இருக்குது."

"எங்க போச்சு ஐயா மத்தக் குதிரை?"

"அதை நீர்தான் சொல்லவேணும். நீர்தானே மேய்க்கிறீர்."

மக்கீன் பின்னேரம் வீட்டுக்கு வந்து, கதிரையில் உட்காராமல் நிலத்தில் உட்கார்ந்தான். சட்டைப்பையிலிருந்து பெருவிரல் பதிந்த கடதாசியை எடுத்து எறிந்தான். சகீனா எடுத்துப் பார்த்தாள். இடது பக்கம் செங்குத்தாக ஏறி, ஒரு கூர்த் தலை. அங்கிருந்து வளைந்து இறங்கி, வலது பக்கம் மெலிந்த வால்.

"இது என்ன, மீனா?"

"மீனில்ல. எங்கட தலையெழுத்து."

"தலையெழுத்துக்கு வால் ஈக்குமா? விளக்கமாச் சொல்லுங்க."

மக்கீனுக்குச் சொல்லிக்கொடுப்பது பிடிக்கும். கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்துவிட்டான்.

"இந்தா பாரு. இப்பிடிக் குறுக்கால போனா, சிலிண்டருக்குள்ள பிஸ்டன் எவ்வளவு தூரம் போச்செண்டு அர்த்தம். இப்பிடி மேல போனா, கேஸ் எவ்வளவு பலமாத் தள்ளுதெண்டு அர்த்தம். வெடிச்ச உடனே பலம் ஆக உச்சம், இதுதான் தலை. பொறகு கேஸ் விரியும். விரிய விரியத் தள்ளுற பலம் கொறயும். வால் பக்கம் வந்தா ஒண்டுமில்ல."

"கலியாணம் முடிச்ச புதுசுல நீங்க எனக்குத் தண்ணி அள்ளித் தந்த மாதிரி."

"என்னத்துக்கு இப்ப அது?"

"வெளங்கிச்செண்டு சொன்னேன். கீழ ஒரு கோடு ஈக்கே, அது?"

"அது திரும்பி வார வழி. அடுத்த வெடிக்கு நாங்கதான் கேஸ அமுக்கிக் குடுக்கணும். மேல் கோட்டுக்குக் கீழ உள்ளதெல்லாம் கேஸ் எங்களுக்குச் செஞ்ச வேலை. கீழ்க் கோட்டுக்குக் கீழ உள்ளது நாங்க கேஸுக்குச் செஞ்ச வேலை. அதுல இதக் கழிச்சா..."

"நடுவுல ஈக்கிற வயிறு."

"ஓ. அந்த வயிறுதான் வேலை. வயிறு பெருசெண்டா நெறய வேலை செஞ்சதெண்டு அர்த்தம்."

சகீனா புருஷனின் வயிற்றைப் பார்த்தாள்.

மக்கீன் தொடர்ந்தான். எஞ்சினியர் ஒரு சீட்டு எழுதி வைத்துப் போயிருந்தாராம். மீனின் நீளத்தை மாற்றாமல், மேட்டைத் தட்டிப் பள்ளத்தை நிரவி ஒரு நீட்டுப் பலகை மாதிரி ஆக்கினால், பலகையின் உயரம் அரை அங்குலம் வர வேண்டும். வந்தால் இருபத்தைந்து குதிரை. கிளாக்கரின் பலகை அரை அங்குலத்துக்குக் குறைந்துவிட்டது.

சகீனா மீனைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். கண்டிச் சந்தையில் எந்த மீன்காரனும் மீனைத் தட்டி நிரவி அளவுகோல் வைத்து விற்று அவள் பார்த்ததில்லை.

"மீனெண்டா நிறுக்கத்தானே வேணும்?" என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் மரப்பெட்டியைத் திறந்தாள். எண்ணெய்க் கடதாசியிலிருந்து மீனை, கோடு மங்கிய இடத்தில் கோட்டுக்கு உள்ளே தள்ளியே, வெட்டி எடுத்தாள். எஞ்சினியர் விட்டுப் போன வெறும் கடதாசி ஒன்றில், மீனின் நீளத்துக்கு, அரை அங்குல உயரத்தில் பலகையை வெட்டினாள். மீன் ஒரு தட்டில், பலகை மறு தட்டில். ஒரே கடதாசி என்பதால் பரப்புக் கூடினால் பாரமும் கூட வேண்டும். மீன் கனத்தால் வீடு இருக்கும். பலகை கனத்தால் மூட்டை கட்ட வேண்டும்.

மீன் தட்டு ஒரே விழுவாக விழுந்தது.

"முப்பத்தஞ்சு குதிரை! நாப்பது!" என்று மக்கீன் குதித்தான். சந்தோஷம் பிடிபடாமல் வெளியே ஓடிப் போய், ஃபேக்டரியில் தேயிலை சலிக்கிற வேலாயியிடம் சொன்னான்; அவள் தொழிலாளர் லயத்துக்கே சொல்லி முடித்திருப்பாள்.

சகீனா போகவில்லை. தராசைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். தராசு அடுப்புக்குப் பக்கத்தில் இருந்தது. கொஞ்ச நேரத்தில் மீன் தட்டு, யாரும் தொடாமல், மெல்ல மெல்ல மேலே வரத் தொடங்கியது. வாப்பாவின் வியாபாரிகள் சிலர் இப்படித்தான்: முதலில் பெரிய முகம், பிறகு கொஞ்சம் கொஞ்சமாகச் சுருங்கும்.

மக்கீன் வேலாயியையும் கூட்டிக்கொண்டு திரும்பி வந்தபோது இரண்டு தட்டும் கிட்டத்தட்டச் சமமாக நின்றன.

"அல்லாவே, குதிரையெல்லாம் எங்க?"

"அது குதிரையில்ல, தண்ணி. நேத்துப் பூரா உங்கட சட்டைப்பைக்குள்ள கிடந்து வேர்வையும் பனியும் குடிச்சிருக்கு. பலகை காய்ஞ்ச கடதாசி. பச்சக் கொழுந்த நிறுத்துப்போட்டுத் தேயிலைக்கு விலை பேசுறீங்க."

வேலாயி வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். "இத்தன வருசமா ஃபேக்டரியில இருக்கீங்க, வாட்டாம நிறுக்கக் கூடாதுன்னு தெரியலியே! தங்கச்சி, ரெண்டையும் குடு. மேல் தட்டுல சாக்குல போட்டு ஒண்ணா வாட்டிக் கொண்டாறேன்."

கொழுந்து வாடப் போடுகிற சாக்குத் தட்டில் மீனும் பலகையும் ஒரு மணி நேரம் பக்கத்தில் பக்கத்தில் படுத்திருந்தன. மறுபடி நிறுத்தார்கள். மீன் பக்கம் ஒரு மயிரிழை தாழ்ந்தது. மக்கீன் மறுபடி குதிக்கத் தயாரானான்.

"நில்லுங்க. இந்தப் பெருவிரல் எண்ணெய் எத்தன குதிரை?"

மக்கீன் தன் பெருவிரலைப் பார்த்தான். இத்தனை நாளாக அதில் குதிரை ஒட்டியிருக்கும் என்று அவன் நினைத்ததில்லை.

ஆக, இந்த மீன் சாட்சிக்கு ஆகாது. கிளாக்கரிடம் இருக்கிற சுத்தமான கடதாசியைத்தான் வெட்ட வேண்டும். திங்கட்கிழமை பத்து மணிக்குத் தபால் பை போகும்.

அன்று எட்டரைக்கு மக்கீன் மரப்பெட்டியோடு, துரையும் கிளாக்கரும் இருந்த ஆபீசுக்குள் போனான். சகீனா முக்காட்டை இழுத்துவிட்டு, ஆபீஸ் கதவுக்குப் பின்னால் சுவரோடு சுவராக நின்றாள். உள்ளே வரமாட்டேன் என்பது ஒப்பந்தம். கதவுக்கும் நிலைக்கும் நடுவில் ஒரு விரல் இடைவெளி இருந்தது. அது போதும்.

மக்கீன் சொன்னதைக் கேட்டு இராமநாதன் பேனாவை வைத்தார்.

"உதென்ன கதை? கணக்கெண்டால் மூளையாலே செய்யிறது. கருவாடு நிறுக்கிற மாதிரி நிறுக்கிறதோ?"

துரைக்கு முகம் மலர்ந்தது. அவருக்குக் கணக்கு வராது. அது தோட்டத்தில் எல்லோருக்கும் தெரியும், அவருக்கும் தெரியும். ஆனால் நிறுவை வரும். கொழுந்தை நிறுத்து, தூளை நிறுத்து, பெட்டியை நிறுத்துத்தான் அவருடைய பிழைப்பே.

"நல்ல யோசனை மேன். வெட்டு" என்றார்.

"துரை, ஒரு விஷயம்," என்றார் இராமநாதன். "வெட்டினால் பிறகு ஒட்டேலாது. நல்ல படம் இது ஒண்டுதான். நிறுவையிலயும் குறைஞ்சு வந்தால், எஞ்சினியரிட்டை முறையிட மக்கீனுக்குக் கையிலை ஒண்டும் மிஞ்சாது. நான் அவருக்காகத்தான் சொல்லுறன்."

அது உண்மை. பெருவிரல் மீன் ஒரு மயிரிழைதான் தாழ்ந்தது, அந்த மயிரிழை எண்ணெயாகவும் இருக்கலாம். இரண்டு பேருக்கும் சேர்த்துப் பேசுகிற மக்கீன், ஒருவருக்கான பேச்சுக்கூட இல்லாமல் கதவைப் பார்த்தான்.

"வெட்டச் சொல்லுங்க" என்றது கதவு.

துரை திரும்பினார். "ஆரு அது?"

"என்ட பொஞ்சாதி, துரை. தராசு அவட வாப்பாட."

"அப்போ அது வந்து வெட்டட்டும்."

சகீனா தலையைக் குனிந்துகொண்டே உள்ளே வந்தாள். குனிந்த தலைக்கு ஒரு வசதி உண்டு, மேசையில் இருப்பது எல்லாம் தெரியும். கிளாக்கரின் கடதாசி மீனுக்கு மேலே பென்சிலில் கோடுகள் கீறியிருந்தன. எண்ணினாள். பதினொன்று. தலை நுனியில் ஒரு பூச்சியம், வால் நுனியில் ஒரு பூச்சியம் எழுதியிருந்தது. பக்கத்தில் எல்லாவற்றையும் கூட்டி, பதினொன்றால் பிரித்திருந்தார். அவளுக்கு நூறு வரைக்கும் தெரியும். பதினொன்று அதற்குள் அடக்கம். கத்தரிக்கோலை எடுத்தாள்.

கோட்டுக்கு வெளியே வெட்டினால் தன் பக்கம் கள்ளம். உள்ளே வெட்டினால் கிளாக்கர் பக்கம் கள்ளம். பென்சில் கோட்டின் நடுவிலேயே மூச்சை அடக்கி வெட்டினாள். பிறகு மிச்சக் கடதாசியை மேசையில் தள்ளி வைத்து, மக்கீனிடம் மெல்லச் சொன்னாள்: "பலகைய ஐயாவே வெட்டட்டும். மீன்ட நீளம், அரை அங்குல உயரம். ஒரே கடதாசி, ஒரே ஈரம்."

இராமநாதன் அளந்து அளந்து வெட்டினார். அதில் ஒரு குற்றமும் சொல்ல முடியாது. அவர் நேர்மையான மனுஷன். பிழையையும் நேர்மையாகத்தான் செய்வார்.

இரண்டையும் தட்டுகளில் வைத்தாள். தராசு ஆடியது, நிற்கவில்லை. துரை மூக்கைத் தட்டுக்குப் பக்கத்தில் கொண்டுவந்து பெரிய மூச்சாக விட்டுக்கொண்டிருந்தார்.

"துரைய மூச்சு விட வேணாமெண்டு சொல்லுங்க" என்றாள் சகீனா, மக்கீனின் காதில். ஆனால் ஆபீஸ் சின்னது.

துரை இரண்டு கையாலும் தன் மூக்கைப் பிடித்துக்கொண்டு நிமிர்ந்து நின்றார். கதவடியில் காத்திருந்த தபால்காரனும் எதற்கும் என்று தன் மூக்கைப் பிடித்துக்கொண்டான்.

தராசு நின்றது. மீன் கீழே, பலகை மேலே. மயிரிழை இல்லை, கண்ணுக்கு நன்றாகத் தெரிகிற தாழ்வு.

துரை மூச்சை விட்டதும் தட்டுகள் இரண்டும் பயந்து ஆடின. "எத்தன குதிரை? சரியாச் சொல்லு!"

சகீனா கிளாக்கரின் அளவுகோலைப் பார்த்தாள். மிச்சக் கடதாசியில், அதே நீளத்துக்கு, அங்குலத்தில் பதினாறில் ஒரு பங்கு அகலமாக, நூல் மாதிரி ஒரு கடதாசித் துண்டு வெட்டிப் பலகையோடு போட்டாள். துரை கேட்காமலே மூக்கைப் பிடித்தார். தட்டுகள் நேராக நின்றன.

அரை அங்குலத்துக்கு இருபத்தைந்து குதிரை. பதினாறில் ஒரு பங்குக்கு மூன்று குதிரை. அந்தக் கணக்கை இராமநாதனே மனத்தில் போட்டு, "இருபத்தெட்டு" என்று, தன் பல்லைத் தானே பிடுங்கிய மாதிரிச் சொன்னார்.

துரை கடிதத்தில் இருபத்தெட்டு என்று எழுதினார். மீனையும் பலகையையும் அந்தச் சின்னத் துண்டையும் ஒரு உறையில் போட்டு ஒட்டி, தபால் பையில் போட்டார். பழைய எஞ்சின் தோட்டத்தில் தங்கியது. கோப்பைகள் அலுமாரிக்குள் பல்லைக் கடித்துக்கொண்டே இருந்தன. கொழும்பில் எஞ்சினியர் தன் கருவியால் அந்த மீனைச் சுற்றி அளந்து பார்த்து இருபத்தெட்டேதான் என்று எழுதியனுப்பினாராம். பந்தயத்தில் அவருடைய நிஜக் குதிரை என்ன ஆனது என்று எழுதவில்லை.

மக்கீன் இந்தக் கதையைக் கடுகண்ணாவை வரைக்கும் கொண்டுபோய்ச் சொன்னான். முதல் மாதம் கதையில் சகீனா நிறுத்தாள். இரண்டாம் மாதம் இரண்டு பேரும் நிறுத்தார்கள். வருஷம் முடிவதற்குள் மக்கீன் நிறுத்தான், சகீனா கத்தரிக்கோலை எடுத்துக் கொடுத்தாள். அவள் திருத்தவில்லை. அது எத்தனையாவது பிழை என்று எண்ணி மட்டும் வைத்தாள். நூறு இன்னும் தூரத்தில்தான் இருந்தது.

மழைக்காலம் தொடங்கிய பிறகு ஒரு நாள், மக்கீன் எஞ்சின் அறையில் இருந்த நேரம், வீட்டு வாசலில் யாரோ தொண்டையைச் செருமினார்கள். கிளாக்கர் இராமநாதன். குடையின் கீழே ஒரு கடதாசிச் சுருள்.

"தங்கச்சி, ஒருக்கா ஒரு உதவி. ஏழாம் நம்பர் மலையின்ரை படம் இது. எத்தினை ஏக்கர் எண்டு துரை கேட்கிறார். எல்லைக்கோடு பாம்பு மாதிரி வளைஞ்சு கிடக்குது. நிறுத்துப் பாத்தால் என்ன எண்டு..." சொல்லை விழுங்கினார். "அதுக்கு முதல் ஒண்டு கேட்கவேணும். நான் அண்டைக்கு எங்கை பிழைச்சனான்?"

சகீனா கதவுக்குப் பின்னால் நின்றாள். கல்யாணம் முடித்து வந்த நாளிலிருந்து புருஷன் அல்லாத ஆணிடம் அவள் ஒரு முழு வசனம் பேசியதில்லை.

"பத்துத் துண்டாப் பிரிச்சா, ஒவ்வொரு துண்டுட நடுவுலயும் அளக்கணும் ஐயா. நீங்க துண்டப் பிரிச்ச கோட்டுல, வேலி ஓரத்துல அளந்தீங்க. மீன்ட தலை ஆக உயரம் முதலாவது ரெண்டு வேலிக்கு நடுவுல. அது உங்கட கையில படவே இல்ல."

"ஓம்..."

"ரெண்டு கடைசியிலயும் பூச்சியம். அந்த ரெண்டு பேரும் வேலைக்கே வரல்ல. நீங்க அவங்களையும் ஆள்கணக்குல சேத்துப் பதினொண்ணாப் பிரிச்சிட்டீங்க."

தோட்டத்தில் ஒவ்வொரு காலையும் வேலைக்கு வராத ஆளின் பெயரைச் சிவப்பு மையால் வெட்டுகிறவர் இராமநாதன்தான்.

"இதை அண்டைக்கே துரைக்கு முன்னாலை சொல்லியிருக்கலாமே, தங்கச்சி?"

"துரை அப்ப மூச்சுப் பிடிச்சிட்டு நிண்டார். அதுக்குள்ள எவ்வளவு பேசுற?"

இராமநாதன் சிரித்தார். மூன்று வருஷத்தில் அவர் சிரித்து அவள் கேட்டது அதுதான் முதல் தடவை. படத்தைக் கதவிடுக்கால் நீட்டினார். சகீனா விரலால் தடவிப் பார்த்தாள். மழையில் வந்த கடதாசி, பச்சைக் கொழுந்து மாதிரிக் குளிர்ந்தது.

"இது இப்ப நிறுத்தா ஏழாம் நம்பர் மலை கண்டி வரைக்கும் போகும்," என்றாள். "அடுப்படியில வாடட்டும். நீங்க கதிரையில இருங்க, பாலில்லாத பிளேண்டி ஊத்துறேன்."

தராசுப் பெட்டியை எடுத்து வைத்துவிட்டு, உள்ளே இருந்தபடியே இன்னொன்றும் சொன்னாள்.

"மூச்ச மட்டும் கொஞ்சம் பாத்து விடுங்க."